பேஸ்மென்ட்டில் ஒத்திகை

இங்கிலாந்துத் திரையில் ராஜராணி செய்த வேடங்களுக்குப் பெரும்பாலும் பெயர் இருந்ததில்லை. படம் முடிந்து எழுத்துகள் ஓடும்போது ‘தாதி’ என்றோ ‘ஆயா’ என்றோ ‘கடைக்காரரின் மனைவி’ என்றோ ஒரு வரி வரும். அதற்கு எதிரே ‘ராணி ராஜ்’ என்று இருக்கும். முழுப் பெயர் வாயில் நுழையவில்லை என்று முதல் படத்திலேயே யாரோ அதை நடுவில் வெட்டி, பின்பாதியை முன்னுக்குப் போட்டுவிட்டார்கள். அவள் திருத்தச் சொல்லவில்லை. கண் இமைக்கும் நேரம்கூட நிற்காத வரி. அதற்கு ஒரு சண்டையா என்று விட்டுவிட்டாள்.

சுன்னாகத்தில் பிறந்து, தாதிப் பயிற்சிக்கென்று ஐம்பதுகளின் கடைசியில் லண்டனுக்குக் கப்பலேறியவள். ஆஸ்பத்திரியில் கால் முறிந்து கிடந்த ஒரு பெண், படப்பிடிப்பில் உடுப்புப் பகுதியைப் பார்ப்பவள். சேலை கட்டிவிட வருவாயா என்று அவள்தான் கேட்டாள். ஏதோ மகாராஜா கதை. முகத்தில் பழுப்புச் சாயம் பூசிய வெள்ளைக்காரப் பெண்கள் வரிசையாய் நின்றார்கள். இடுப்பில் ஊசி குத்திய சேலைகள் கழன்று கழன்று விழுந்துகொண்டிருந்தன. ராஜராணி போய் எல்லாருக்கும் கொசுவம் வைத்துக் கட்டிவிட்டாள். அடுத்த வாரம் அந்தப் பெண்களில் ஒருத்திக்குக் காய்ச்சல். “நீயே நின்றுவிடேன், சாயமாவது மிச்சமாகும்” என்றார் உதவி இயக்குநர். நின்றாள். தாதிப் பயிற்சி பிறகு முடியவேயில்லை.

இருபது வருடம் அப்படியே போயிற்று. இந்தியப் பெண், பர்மியப் பெண், அராபிய வேலைக்காரி, ஒரு தடவை மெக்சிகோக்காரி. தொலைக்காட்சியில் பல தடவை செத்தாள். மிஷன் பள்ளியில் கற்ற சுத்தமான ஆங்கிலம் அவளுடையது. அதை உடைத்துப் பேசச் சொன்னார்கள். “இன்னும் கொஞ்சம் இந்தியாக்காரிபோல” என்பார்கள். தலையை இரண்டு பக்கமும் ஆட்டினால் போதும் என்று கண்டுபிடித்தாள். யாழ்ப்பாணப் பட்டணத்தில் ஒரு தியேட்டரில் அவள் படம் ஒன்று ஓடியபோது குடும்பமே வண்டி பிடித்துப் போயிற்று. அதில் அவள் வெள்ளைச் சேலையும் வெறும் நெற்றியுமாக வந்தாள். தாய் பாதியில் எழுந்து வந்து கோயிலில் தேங்காய் உடைத்தாளாம். “கலியாணம் கட்ட முதலே தாலியறுத்துப் போட்டாள், கெட்டிக்காரி” என்று ஊரில் ஒருத்தி சொன்னதைக் கடிதத்தில் எழுதியிருந்தார்கள்.

ஒரே ஒரு படத்தில் அவளுக்கு ஒரு காட்சி கிடைத்தது. பிள்ளையை ஆற்றில் பறிகொடுத்த தாய். முதல் முறை கமரா ஓடியபோது அவள் தனக்குத் தெரிந்தபடி அழுதாள்: மாரில் அடித்து, குரலெடுத்து, பிள்ளையைப் பெயர் சொல்லிக் கூப்பிட்டு. விளக்குப் பிடித்துக்கொண்டிருந்தவன் சிரிப்பை அடக்க முகத்தைத் திருப்பினான். இயக்குநர் பக்கத்தில் வந்து தணிந்த குரலில் சொன்னார்: “யன்னலைப் பார். மூச்சை நிறுத்து. ஒரு கண்ணில் ஒரு சொட்டு. அவ்வளவுதான்.” அவள் அப்படியே செய்தாள். பத்திரிகை ஒன்று அந்தக் காட்சியை ‘கண்ணியமானது’ என்று எழுதிற்று. அதுதான் அவளைப் பற்றி அச்சில் வந்த ஒரே புகழ். அன்றைக்கு ஒன்று கற்றுக்கொண்டோம் என்று அவள் நினைத்தாள்: உள்ளபடி அழுதால் இவர்கள் நம்பமாட்டார்கள், இவர்கள் நம்பும்படி அழவேண்டும்.

நாற்பதை நெருங்கியபோது வாய்ப்புகள் நின்றன. நவரத்தினம் என்ற இரசாயனப் பொறியியலாளரை மணந்தாள். தலை முன்னுக்கு வழுக்கை, பேச்சில் பகிடி, படங்களே பார்க்காத மனிதர். எண்பதாம் ஆண்டில் அவருக்கு நியூஜெர்சியில் வேலை கிடைத்தது. எடிசனில் வீடு. ராஜராணி சில தடவை ரயிலேறி நியூயார்க்குக்குத் தேர்வுகளுக்குப் போனாள். அங்கே அவளைப் பேச வைத்துக் கேட்டுவிட்டு, “நீங்கள் மிகவும் இங்கிலீஷ்காரிபோல இருக்கிறீர்கள்” என்றார்கள். வீடு வந்து அதைச் சொல்லித் தானே சிரித்தாள். பிறகு முதியோர் இல்லம் ஒன்றில் உதவியாளராகச் சேர்ந்தாள். கிழவிகளைக் குளிப்பாட்டும் வேலை. முடிக்காத படிப்பு அந்த அளவுக்குப் பயன்பட்டது.

எண்பத்துமூன்று ஜூலைக் கலவரத்தில் அவளுடைய தம்பி நகுலேஸ்வரன், வீட்டுக்கு நகுலன், கொழும்பில் மனைவியை இழந்தான். வெள்ளவத்தையில் வாடகை வீடு, அரசாங்க அலுவலகம் ஒன்றில் வரைபடக்காரன், பிள்ளைகள் இல்லை. மறுவருடம் விசிட்டர் விசாவில் அக்கா வீட்டுக்கு வந்தவன், திரும்பிப் போகவில்லை. அகதியாக ஏற்கும்படி விண்ணப்பித்தான். முதல் விசாரணையில் ஓர் அதிகாரி முன்னால், மொழிபெயர்ப்பாளர் ஒருவரை வைத்து, தமிழிலேயே சொன்னான். நிராகரித்துவிட்டார்கள். அடுத்தது குடிவரவு நீதிபதி முன்னால். அதில் தோற்றால் மேல்முறையீடு ஒன்று உண்டு. ஆனால் அங்கே யாரும் புதிதாய்க் கதை கேட்கமாட்டார்கள், இங்கே சொன்னதைத்தான் வாசிப்பார்கள் என்று வக்கீல் சொன்னாள். தேவாலயம் ஒன்று இலவசமாய் ஏற்பாடு செய்த இளம் பெண் அவள். “அவர் நடந்ததை நடந்தபடி சொன்னால் போதும்” என்றும் சொன்னாள்.

நடந்ததை ராஜராணி அதுவரை முழுதாய்க் கேட்டதில்லை. வந்த நாளிலிருந்து அவனும் சொல்லவில்லை, அவளும் தோண்டவில்லை. வழக்குக்கு நாள் குறித்த பிறகு ஒரு ஞாயிறு மத்தியானம், வெளியில் பனி கொட்டிக்கொண்டிருக்க, சமையலறை மேசையில் அவனை இருத்திக் கேட்டாள்.

அவன் சந்தி முனையில் புகை கண்டதிலிருந்து தொடங்கவில்லை. அன்றைக்கு வந்த பால் திரைந்துபோனதிலிருந்து தொடங்கினான். பால்காரனோடு மனைவி திலகா சண்டை போட்டதைச் சொன்னான். பிறகு பின்வீட்டுச் சிங்கள அம்மாவின் நாயைப் பற்றி. பிறகுதான் அந்த அம்மா மதிலுக்கு மேலால் எட்டிப் பார்த்து, கெதியாய் வாருங்கள் என்று கூப்பிட்டதும், இருவரும் ஏறிக் குதித்ததும் வந்தது. குரலில் ஏற்ற இறக்கம் ஒன்றும் இல்லை. சந்தைக்குப் போய்வந்த கதை மாதிரி இருந்தது.

“அங்க போய் இருந்தாப் பிறகுதான் பாத்தன், மூக்குக்கண்ணாடியைக் காணேல்லை. ரேடியோவுக்கு மேல வைச்சனான். ஐயோ, கண்ணாடியை விட்டிட்டு வந்திட்டன் எண்டன். அவள் எழும்பினாள். நான் போ எண்டு சொல்லேல்லை அக்கா. மதிலிலை ஏறி நிண்டுகொண்டு என்னைத் திரும்பிப் பாத்து ஒண்டு சொன்னாள்...” என்று சொல்லிச் சிரித்தான்.

ராஜராணி இடைமறித்தாள். “சிரிக்காதை. கோர்ட்டிலை இந்த இடத்திலை சிரிச்சால் கதை முடிஞ்சுது.”

“இல்லை, அவள் சொன்னது...”

“என்னத்தையெண்டாலும் சொல்லட்டும். பேந்து என்ன நடந்தது?”

பிறகு நடந்ததை அவன் இரண்டு வசனத்தில் சொன்னான். தங்கள் வீட்டு முன்கதவு உடைகிற சத்தம் கேட்டதாம். சிங்கள அம்மா அவனைக் கட்டிலுக்குக் கீழே தள்ளிவிட்டாளாம். அதற்குப் பிறகு வீடு எரிந்ததை அவன் பார்க்கவில்லை, கண்ணாடி இல்லை. மதிலுக்கு அப்பால் ஏதோ மஞ்சளாய்த் தெரிந்தது, அவ்வளவுதான்.

அன்று பின்னேரம் அவள் கணவரிடம் சொன்னாள்: “இதை இப்பிடியே போய்ச் சொன்னானெண்டால் ஒரு சனமும் நம்பாது.”

“நடந்ததெல்லே?” என்றார் நவரத்தினம்.

“நடந்தால் போதுமோ? பாலைப் பற்றியும் நாயைப் பற்றியும் சொல்லிப்போட்டுச் சிரிக்கிறான். வெள்ளைக்காரனுக்கு எப்பிடிச் சொல்ல வேணுமெண்டு எனக்குத் தெரியும். நான் வேற என்னத்தைப் படிச்சனான்?”

பேஸ்மென்ட்டில் ஒத்திகை தொடங்கியது. உடுப்புத் துவைக்கும் மெஷினுக்கும் பழைய சோபாவுக்கும் நடுவே ஒரு சமையலறை நாற்காலி. அது சாட்சிக் கூண்டு. நவரத்தினம்தான் நீதிபதி, சோபாவில் கால் நீட்டிக்கொண்டு நீதி வழங்கினார். வேலை முடிந்து வந்து சாப்பிட்டதும் மூவரும் கீழே இறங்குவார்கள்.

மொழிபெயர்ப்பாளர் வேண்டாம் என்று முதலில் முடிவாயிற்று. “நீ அழுதால் அவன் அழுகிறதை மொழிபெயர்ப்பானோ? இங்கிலீசிலை நேரா நீயே சொல்லு” என்றாள். வசனம் வசனமாய் அவளே அமைத்துக் கொடுத்தாள். பால் போயிற்று. நாய் போயிற்று. கதை புகையிலிருந்து தொடங்கியது. எங்கே நிறுத்துவது, எங்கே நீதிபதியைப் பார்ப்பது, எங்கே கையைப் பார்ப்பது என்று எல்லாம் இருந்தது.

“அழ வேணுமோ அக்கா?”

“ஒரு சொட்டு. வெள்ளைக்காரனுக்கு ஒரு சொட்டுத்தான் கண்ணீர். ரெண்டாவது விழுந்தால் பயந்துபோவான்.”

“மூண்டாவது விழுந்தால் டாக்குத்தரைக் கூப்பிடுவான்” என்றார் சோபாவிலிருந்த நீதிபதி. நகுலன் சிரித்தான். அந்த வீட்டுக்கு வந்து அவன் அப்படிச் சிரித்தது குறைவு. ஒத்திகை அவனுக்கு நல்லது செய்கிறது என்றே ராஜராணி நினைத்தாள். சாப்பாடு கூடியிருந்தது. குளிக்கும்போது வசனங்களைச் சொல்லிப் பார்ப்பது வெளியில் கேட்கும்.

கண்ணாடியைத்தான் அவள் கடைசியாக எடுத்தாள்.

“அதைச் சொல்லாதை. நீதான் அவளை அனுப்பினாய் எண்டு நினைப்பினம்.”

“நான் அனுப்பேல்லை.”

“அது உனக்கும் எனக்கும் தெரியும். அங்க இருக்கிறவனுக்குத் தெரியுமோ? அவள் ஏன் திரும்பிப் போனாள் எண்டு கேட்டால், தெரியாது எண்டு சொல்லு. ஒவ்வொரு நாளும் கடவுளிட்டைக் கேக்கிறன் எண்டு சொல்லு. சொல்லிப்போட்டு யன்னலைப் பார்.”

 “அதை விட்டால் எனக்கும் லேசாத்தான் இருக்கு” என்றான்.

அதுதான் அவளுக்கு எல்லாவற்றையும் சரியாக்கியது. தம்பியின் நெஞ்சில் கிடந்த கல் ஒன்றை எடுத்துவிட்டதாக அவளுக்குப் பட்டது. முதல் விசாரணையில் அவன் கண்ணாடியைச் சொல்லியிருந்ததை அவள் அறிவாள். வக்கீல் எச்சரித்தும் இருந்தாள்: முன்னர் சொன்னதற்கு மாறாக ஏதும் வரக்கூடாது. சொல்லாமல் விடுவது மாற்றிச் சொல்வது ஆகாது என்று ராஜராணி தனக்குள் தீர்த்துக்கொண்டாள். படப்பிடிப்பில் வெட்டி எறிந்ததை யாரும் போய்த் தேடுவதில்லை.

வழக்கன்று அவனுக்கு நவரத்தினத்தின் கறுப்புக் கோட்டைப் போட்டுவிட்டாள். கோர்ட் சின்ன அறைதான். நீதிபதி பருத்த, களைத்த மனிதர். மூக்கைத் துடைத்துக்கொண்டே இருந்தார். கெட்டவர் மாதிரி இல்லை. ராஜராணியும் நவரத்தினமும் பின்வரிசையில் உட்கார்ந்தார்கள்.

நகுலன் சொல்லத் தொடங்கினான். ஒரு சொல் பிசகவில்லை. நிற்க வேண்டிய இடத்தில் நின்றான். கைகளைப் பார்த்தான். ராஜராணியின் உதடுகள் அவனோடு சேர்ந்து அசைந்தன. நவரத்தினம் முழங்கையால் இடித்த பிறகுதான் அவளுக்கே தெரிந்தது. தன் வாழ்நாளில் பார்த்த நல்ல நடிப்பு இதுதான் என்றுகூட ஒரு கணம் அவளுக்குத் தோன்றியது. அந்த எண்ணத்துக்கு உடனே கூச்சப்பட்டாள்.

“உங்கள் மனைவி ஏன் திரும்ப வீட்டுக்குப் போனார்?” என்று நீதிபதியே கேட்டார்.

“தெரியாது ஐயா. ஒவ்வொரு நாளும் கடவுளிடம் கேட்கிறேன்.” அவன் யன்னலைப் பார்த்தான். ஒரு சொட்டு விழுந்தது.

அரசுத் தரப்பு வக்கீல் எழுந்தார். குரலை உயர்த்தவில்லை. “முதல் விசாரணையில், உங்கள் சொந்த மொழியில், மனைவி உங்களுடைய கண்ணாடியை எடுக்கப் போனதாகச் சொல்லியிருக்கிறீர்கள். இன்றைக்குத் தெரியாது என்கிறீர்கள். எது உண்மை?”

இதற்கு வசனம் இல்லை.  எடுத்துக் கொடுப்பாளா என்பது போல, நகுலன் திரும்பி அக்காவைப் பார்த்தான். நீதிபதியின் பார்வையும் அதே வழியில் அறையின் பின்பக்கம் வந்து, ராஜராணியின் மேல் நின்றது.

தீர்ப்பு சில வாரம் கழித்து வந்தது. சாட்சியம் ஒப்பித்தது போல் இருந்தது, முக்கியமான இடத்தில் முன்னுக்குப் பின் முரண், நம்பத்தகுந்ததல்ல. வக்கீல் பெண் வீட்டுக்கே வந்து சொன்னாள். யாரையும் குறை சொல்லவில்லை. காபியைக் குடிக்காமல் வைத்துவிட்டு, மேல்முறையீடு செய்வோம், அது இழுக்கும், அதுவரை இருக்கலாம் என்றாள். புதிதாய் வருவதை வாசிப்பார்களோ தெரியாது, ஆனாலும் ஒரு வாக்குமூலம் சேர்த்துப் பார்க்கலாம், முதல் விசாரணையில் எப்படிச் சொன்னாரோ அப்படியே, அவர் வாயால் வந்தபடியே எழுதித் தாருங்கள் என்று கேட்டுக்கொண்டாள்.

ராஜராணி மறுபடி அவனைச் சமையலறை மேசையில் இருத்தினாள். இந்தமுறை தமிழில். “நான் சொல்லித் தந்ததெல்லாத்தையும் விடு. அண்டைக்கு இதிலை இருந்து எனக்குச் சொன்னாயெல்லே, அப்பிடிச் சொல்லு.”

அவன் தொடங்கினான். சந்தியில் புகை. அவள் கட்டிய வசனம்தான். தமிழில் வந்தது, அவ்வளவே. நிறுத்திய இடங்களும் அவளுடையவை.

“இல்லை நகுலன். பால் திரைஞ்சதிலை இருந்து.”

“பாலோ?” என்றான். யோசித்தான். “ஓம், பால் திரைஞ்சது.” அதற்கு மேல் அதில் ஒன்றும் வரவில்லை. மீண்டும் புகைக்குப் போனான். திலகா ஏன் திரும்பிப் போனாள் என்ற இடம் வந்ததும் அவன் முகம் தானாகவே யன்னல் பக்கம் திரும்பியது. கண்ணில் நீர் ததும்பி ஒரு சொட்டாய் இறங்கியது. அவன் அதை வேண்டுமென்று செய்யவில்லை. அவளுக்கு அது தெரிந்தது. இருபது வருடம் அந்த வேலையைச் செய்தவள்.

“கண்ணாடிக்கெல்லோ போனவள்” என்றாள்.

“ஓம்... கண்ணாடிக்கு.” வேறு யாருடைய செய்தியையோ ஒப்புக்கொள்வது போலச் சொன்னான்.

“மதிலிலை ஏறி நிண்டு திலகா உனக்கு ஒண்டு சொன்னவள். நீ சிரிச்சாய். என்ன சொன்னவள்?”

அவன் மேசையைப் பார்த்தபடி இருந்தான். விரலால் மேசைவிரிப்பில் கோடு கோடாய் இழுத்தான். “ஏதோ சொன்னவள்தான்” என்றான். “தெரியேல்லை அக்கா.”

“வடிவா யோசிச்சுப் பார்.”

“யோசிச்சால் நீங்கள் சொல்லித் தந்ததுதான் வருகுது. வேற எப்பிடி நடந்தது? நீங்கள் சொல்லுங்கோவன்.”

அவளால் சொல்ல முடியவில்லை. அன்றைக்கு அவள் கேட்டிருக்கவில்லை. வேறு யாருக்கும் அவன் அதைச் சொல்லியிருக்கவுமில்லை.

மேல்முறையீடு இரண்டு வருடம் இழுத்து, எண்பத்தெட்டில் தள்ளுபடியாயிற்று. தானாகவே வெளியேற அவகாசம் கொடுத்தார்கள். அந்த நாட்களில் நிராகரிக்கப்பட்ட பலர் வடக்கே எல்லை கடந்து கனடாவுக்குப் போய் அங்கே கேட்டுப் பார்த்தார்கள். நவரத்தினம் காரில் கொண்டுபோய் விடத் தயாராய் இருந்தார்; அங்கே தெரிந்த ஒருவரோடு பேசியும் வைத்திருந்தார்.

“வேண்டாம் அத்தான்” என்றான் நகுலன். “அங்கயும் கதை சொல்ல வேணுமெல்லே.”

“எல்லாரும் சொல்லுகினம்தானே. நீயும் சொல்லன்ரா.”

“சொன்னால் அதைத்தான் சொல்லுவன். அது இப்ப பொய் மாதிரிக் கிடக்கு எனக்கு. திலகாவை வைச்சு ஒருக்காப் பொய் சொன்னது போதும்.”

ராஜராணி அழுதாள். கெஞ்சினாள். கையைப் பிடித்து, நான் வாயே திறக்கமாட்டேன், ஒன்றும் சொல்லித் தரமாட்டேன் என்றாள். அவன் அவள் கையைத் தடவிக் கொடுத்தான். மனம் மாறவில்லை.

கென்னடி விமான நிலையத்தில் அன்று கூட்டம். அவனிடம் ஒரு பெட்டிதான் இருந்தது. நவரத்தினம் கார் நிறுத்தப் போய் இன்னும் வரவில்லை. வரிசை மெல்ல நகர, ராஜராணியும் பக்கத்தில் நகர்ந்தாள். சொல்ல நினைத்ததைச் சொல்ல இந்த நேரம்தான் இருந்தது. அவள் இரண்டு மூன்று தடவை அதைத் தொடங்கினாள்.

“நகுலன், நான் உன்னை உன்ர பாட்டிலை விட்டிருக்க வேணும்.”

“உதை விடுங்கோ அக்கா.”

“என்னாலைதான்...”

“நீங்கள் நல்லாத்தான் சொல்லித் தந்தனீங்கள்” என்றான் அவன், அவளை ஆறுதல்படுத்துகிற குரலில். “எனக்குத்தான் நடிப்பு வரேல்லை. கடைசியிலை திரும்பி உங்களைப் பாத்திட்டன்.”

அவன் அதை முழு மனதோடு சொன்னான்.  முன்னால் நின்றவர்கள் நகர்ந்தார்கள். அவன் பெட்டியைத் தூக்கிக்கொண்டு போனான். நவரத்தினம் வந்து சேர்ந்தபோது அவன் உள்ளே போய்விட்டிருந்தான்.

கொழும்பில் அவன் கொட்டாஞ்சேனையில் ஓர் அறையில் இருந்தான். வரைபட வேலைக்குத் திரும்பப் போகவில்லை. ராஜராணி மாதம் ஒரு தடவை தொலைபேசி எடுப்பாள். சாப்பிட்டியோ, மழையோ, இருமல் எப்படி என்று கேட்பாள். அவன் பதில் சொல்வான். ஒரு தடவை, திலகாவின் திதி முடிந்த கிழமை, அங்கே யாரும் அவளைப் பற்றிக் கேட்கிறார்களா என்று கேட்டுவிட்டாள்.

“கேப்பினம்” என்றான்.

“என்ன சொல்லுறனீ?”

“கலவரத்திலை போயிட்டா எண்டு சொல்லுவன்.”

“அவ்வளவுதானோ?”

“அவ்வளவுதான் அக்கா.”

 காத்திருந்து பார்த்துவிட்டு அவன்தான், உங்களுக்குக் காசு போகுது, வைக்கிறன் என்று வைத்தான்.